உபாத்தியாயர் சம்பளமும் சமநீதியும்

(நமது சங்கத்தின் மாதாந்தரக் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற பிரசங்கம்)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட விஷயம் சர்க்கார் பாடசாலை உபாத்தியாயர்களின் சம்பளத்தைப் பற்றியது. சமூக முன்னேற்றத்தின் பொருட்டு ஏற்பட்ட ஒரு சங்கத்தின் மேடையில், சர்க்காருக்கும் அதன் சிப்பந்திகளுக்கும் இடையேயுள்ள வழக்கைப் பேசுவதற்கு என்ன முகாந்தரம் என்று சிலர் கேட்கக்கூடும். முகாந்தரம் இரண்டு உண்டு. முதலாவது, நம் வீட்டுப் பிள்ளைகள், விசேஷமாய்ப் பெண்மக்கள், படித்து ஓர் உத்தியோகத்திற்குப் போக விரும்பினால் முதலில் நினைப்பது உபாத்தியாயர் உத்தியோகத்தையே. நிலம் குறைந்து, குலத்தொழிலும் நலிந்த குடும்பங்கள் பலவற்றை அந்த ஒரு சம்பளமே தூக்கி நிறுத்தியிருக்கின்றது. இரண்டாவது, ஒரு மனிதனை அவன் செய்யும் வேலையைக் கொண்டு மதிக்காமல் வேறெதையோ கொண்டு மதிப்பது நியாயமா என்ற கேள்வி இவ்வழக்கின் அடியில் கிடக்கின்றது. அக்கேள்வியைக் கேட்டுக்கொண்டேதான் நம்மைப் போன்ற சங்கங்கள் பிறந்தன. ஆதலின் இது நமக்கு அந்நியமான விஷயமன்று.

வழக்கு இன்னது

தமிழ்நாட்டுச் சர்க்கார் பாடசாலைகளில் ஒன்று முதல் ஐந்து வகுப்பு வரையுள்ள குழந்தைகளுக்குக் கற்பிக்கும் பொறுப்பு பெரும்பாலும் இடைநிலை உபாத்தியாயர்களுடையது. பிளஸ் டூ தேறி, இரண்டு வருஷம் உபாத்தியாயப் பயிற்சி பெற்று, டிப்ளமா வாங்கியவர்கள் இவ்வேலைக்கு எடுக்கப்பட்டனர். ஆறாவது சம்பளக் கமிஷனையொட்டிய புதிய சம்பள விகிதங்களை மாகாண சர்க்கார் 2009-ஆம் வருஷம் ஜூன் மாதம் 1-ந் தேதி உத்தரவாய் வெளியிட்டது. அவ்வுத்தரவில் இடைநிலை உபாத்தியாயருக்கு 5,200 முதல் 20,200 வரையுள்ள வரிசையும், அதன்மேல் 2,800 ரூபாய் தரச் சம்பளமும் குறிக்கப்பட்டன.

அந்தத் தேதிக்கு முன் சேர்ந்தவருக்குக் கணக்கு ஒரு விதம். பழைய விகிதத்தில் அவருடைய ஆரம்பச் சம்பளம் 4,500 ரூபாய். அதை 1.86 என்ற பெருக்கத்தால் பெருக்கினால் 8,370 ஆகும். அத்துடன் 2,800 சேர, மொத்தம் 11,170 ரூபாய். அந்தத் தேதியிலும் அதற்குப் பின்னும் சேர்ந்தவருக்குப் பெருக்குவதற்குப் பழைய சம்பளம் இல்லை. ஆதலால் வரிசையின் அடித்தொகையான 5,200-உடன் 2,800 சேர்த்து 8,000 ரூபாய் என்று நிர்ணயிக்கப்பட்டது. மே மாதம் 31-ந் தேதி வேலை ஒப்புக்கொண்டவருக்கும் மறுநாள் ஒப்புக்கொண்டவருக்கும் அடிப்படைச் சம்பளத்தில் 3,170 ரூபாய் வித்தியாசம். இருவருக்கும் படிப்பு ஒன்று, பதவி ஒன்று, எஜமான் ஒருவர், பாடப்புத்தகம் ஒன்று. இவ்விதம் பாதிக்கப்பட்டோர் சுமார் 20,000 பேர் என்று பத்திரிகைகள் எழுதின.

அனுபவம் உள்ளவருக்குக் கூடுதல் சம்பளம் கொடுப்பது நியாயந்தானே என்று ஒருவர் கேட்கலாம். நியாயமே, அதற்கென்றே வருஷந்தோறும் இன்கிரிமெண்டு இருக்கின்றது. ஆனால் ஒரு நாள் அனுபவத்திற்கு 3,170 ரூபாய் விலை என்று எந்தக் கணக்கனும் சொல்லமாட்டான். கல்யாணப் பந்தியில் முந்தி வந்தவருக்கு முந்திப் பரிமாறுவது முறை. ஒரே வரிசையில் இலை போட்டு உட்கார வைத்தபின், ஒருவருக்கு நெய்யும் அடுத்தவருக்கு நீர்மோரும் வார்த்தால் அதற்குப் பந்தி வஞ்சனை என்றே பெயர். நம் வீட்டு விசேஷங்களில் அப்படி நடந்தால் சம்பந்திகள் எழுந்து போய்விடுவார்கள் என்பதை நாம் அறிவோம்.

இன்னுமொன்று கவனிக்கத்தக்கது. புதிய விகிதம் வரும்போது இவ்வகைப் பள்ளம் விழும் என்பது யாரும் முன்கூட்டி அறியக்கூடாத மர்மமன்று. மத்திய சர்க்கார் 2008-இல் தன் சிப்பந்திகளுக்கு வெளியிட்ட திருத்திய சம்பள விதிகளிலேயே, புதிதாக நேரடியாய்ச் சேருவோருக்கு ஆரம்பச் சம்பளம் இன்னதென்று தனிப் பட்டி ஒன்று சேர்க்கப்பட்டிருந்தது. 5,200 முதல் 20,200 வரையுள்ள அதே வரிசையில், 2,800 தரச் சம்பளமுள்ள பதவிக்கு அப்பட்டி 8,560 ரூபாயை ஆரம்பமாகக் காட்டிற்று. மொத்தம் 11,360 ரூபாய். அதாவது, பழையவருக்கும் புதியவருக்கும் நடுவே பள்ளம் விழாதபடி பாலம் போட்டே மத்திய சர்க்கார் விதி செய்தது. இங்கே இடைநிலை உபாத்தியாயருக்கு அந்தப் பாலம் கிடைக்கவில்லை. வழக்கு முழுவதும் இந்த ஒரு குறையிலிருந்து முளைத்ததே.

பள்ளம் வளர்ந்த விதம்

3,170 ரூபாய் என்பது கேட்கும்போது சிறு தொகையாகத் தோன்றலாம். ஆனால் அடிப்படைச் சம்பளம் என்பது மரத்தின் வேர் போன்றது. மற்றவையெல்லாம் அதிலிருந்து கிளைப்பவை. பஞ்சப்படி அடிப்படைச் சம்பளத்தில் நூற்றுக்கு இவ்வளவு என்று கணக்கிடப்படுவது. 2015-ஆம் வருஷம் ஜூலை மாதத்தில் அது நூற்றுக்கு 119 ஆயிற்று. அப்போது 3,170 ரூபாய் குறைவு, பஞ்சப்படியுஞ் சேர்ந்து, மாதம் 6,942 ரூபாய்க் குறைவாயிற்று. வருஷாந்தர உயர்வு நூற்றுக்கு மூன்று என்ற கணக்கில் வருவது. சிறிய தொகையில் மூன்று சதவீதம் சிறியதாகவே இருக்கும். பிறகு ஏழாவது கமிஷனையொட்டி 2017-இல் விகிதங்கள் திருத்தப்பட்டபோது பழைய சம்பளம் 2.57 என்ற பெருக்கத்தால் பெருக்கப்பட்டது. பெருக்குங்கால் சம்பளம் மட்டுமா பெருகும்? பள்ளமும் உடன் பெருகும். மற்றக் கணக்குகளை ஒதுக்கிவிட்டு, ஆரம்பத்திலிருந்த 3,170-ஐ மட்டும் 2.57-ஆல் பெருக்கினாலும் 8,147 ரூபாய் ஆகின்றது.

இளமையில் இவ்வாறு என்றால் முதுமையில் எவ்வாறு? 2003-ஆம் வருஷம் ஏப்ரல் 1-ந் தேதிக்குப் பின் உத்தியோகத்தில் சேர்ந்தவர்கள் பழைய பென்ஷன் முறைக்குப் புறம்பாக்கப்பட்டு, பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் சேர்க்கப்பட்டனர். அதில் சிப்பந்தியின் பங்கு, அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியுஞ் சேர்ந்த தொகையில் நூற்றுக்குப் பத்து. சர்க்காரின் பங்கும் அதே அளவு. சம்பளம் குறைந்தால் இரண்டு பங்கும் குறையும். ஆகவே, பிள்ளைக்குப் பாலும் பெண்ணுக்குக் கல்யாணமும் தேடும் காலத்தில் விழுந்த குறைவு, கைத்தடி ஊன்றும் காலத்திலும் தொடர்ந்து வருகின்றது. இடையில் தனிச் சம்பளம் என்ற பெயரில் சிறு தொகை ஒன்று கூட்டப்பட்டதுண்டு. அது மேற்பூச்சேயன்றி அஸ்திவாரத்தைத் தொடவில்லை.

வேறொரு விசித்திரமும் உண்டு. 2012 முதல், இவ்வேலைக்கு வருவோர் உபாத்தியாயர் தகுதிப் பரீட்சை என்ற ஒன்றிலும் தேறியாக வேண்டும் என்ற நிபந்தனை இங்கே நடைமுறைக்கு வந்தது. முன்னே வந்தோர் தாண்டாத வேலியைப் பின்னே வந்தோர் தாண்டினர். தாண்டியும் கூலி குறைவு. வேலி உயர உயரக் கூலி தாழ்வது எந்தச் சந்தையின் தர்மம் என்று நமக்கு விளங்கவில்லை.

இக்குறையைத் தீர்க்கும்படி அவர்கள் மனுக் கொடுத்தார்கள்; கோர்ட்டுக்குப் போனார்கள்; கடைசியில் பட்டினி கிடந்தார்கள். 2018-ஆம் வருஷம் டிசம்பர் மாதத்தில் சென்னை நுங்கம்பாக்கத்தில் கல்வி இலாகாவின் தலைமைக் காரியாலய வளாகத்தில், அநேகர் கைக்குழந்தைகளுடனும் உட்கார்ந்து உண்ணாவிரதமிருந்தனர். 2021-ஆம் வருஷத்துச் சட்டசபைத் தேர்தலில் இக்கோரிக்கை ஒரு கட்சியின் வாக்குறுதிகளில் இடம் பெற்றது. அக்கட்சியே ஆட்சிக்கும் வந்தது. 2022 டிசம்பரில் மீண்டும் உண்ணாவிரதம். 2023 ஜனவரி 1-ந் தேதி முதல் மந்திரி மூவர் கமிட்டி ஒன்றை அமைப்பதாக அறிவித்ததன்பேரில் அது நின்றது. அவ்வருஷம் செப்டம்பர் மாதக் கடைசியில் மறுபடியும் தொடங்கி, அக்டோபர் 5-ந் தேதி விடியற்காலையில் போலீசாரால் அவர்கள் கைது செய்யப்பட்டு அப்புறப்படுத்தப்பட்டனர். ஆட்சி மாறிற்று, மந்திரிகள் மாறினர், கமிட்டிகள் கூடின. பதினான்கு வருஷம் சென்றும் 8,000-க்கும் 11,170-க்கும் நடுவே இருந்த பள்ளம் அப்படியே இருந்தது.

சட்டம் சொல்வது

நமது அரசியல் சட்டத்தின் 39-வது ஷரத்து, சமமான வேலைக்கு ஆண் பெண் இருபாலார்க்கும் சமமான சம்பளம் கிடைக்கும்படி ராஜ்யம் தன் கொள்கையை வகுக்கவேண்டும் என்று கூறுகின்றது. இது வழிகாட்டும் கொள்கைகளில் ஒன்றாதலால் கோர்ட்டில் கேட்டு வாங்கத்தக்க உரிமையன்று என்று வெகு காலம் வாதிக்கப்பட்டது. 1982-இல் டில்லி போலீஸ் இலாகாவில் மோட்டார் ஓட்டிவந்த ரண்தீர் சிங் என்ற கான்ஸ்டேபிள், மற்ற இலாகாக்களில் அதே வேலை செய்வோருக்கு அதிகச் சம்பளம் கொடுப்பதைக் காட்டி சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். நீதிபதி சின்னப்ப ரெட்டி அவர்கள், சமத்துவத்தைக் கூறும் 14, 16-வது ஷரத்துக்களோடு 39-வது ஷரத்தையும் சேர்த்துப் படித்து, அக்கொள்கைக்கு உயிருண்டு என்று தீர்ப்பளித்தார். அவ்வருஷம் டிசம்பர் மாதத்தில் நகாரா என்பவர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கூடி வேறொரு முக்கியமான விஷயத்தைத் தீர்த்தனர். ஒரு குறிப்பிட்ட தேதிக்குப் பின் ஓய்வு பெற்றோருக்கு மட்டும் தாராளமான பென்ஷன், முந்தியோர்க்கு இல்லை என்று சர்க்கார் வைத்திருந்த தேதிக் கோட்டை, காரணமற்றது என்று அழித்தனர். தேதியைக் கொண்டு மனிதரை இரண்டாய்ப் பிரிப்பதானால் அத்தேதிக்கு ஒரு நியாயம் இருக்கவேண்டும் என்பதே அதன் சாரம்.

2016 அக்டோபரில் பஞ்சாப் சர்க்காருக்கும் ஜகஜீத் சிங் முதலானோருக்கும் நடந்த வழக்கில், தற்காலிகச் சிப்பந்தியாயினும் நிரந்தரமானவர் செய்யும் அதே வேலையைச் செய்தால், அவ்விகிதத்தின் ஆரம்பச் சம்பளம் அவருக்கும் உரியது என்று சுப்ரீம் கோர்ட்டு விதித்தது.

இவற்றைக் கேட்டு, கோர்ட்டுக்குப் போனால் ஜயம் நிச்சயம் என்று யாரும் எண்ணிவிடலாகாது. பீகார் மாகாணத்தில் 2006 முதல் பஞ்சாயத்துக்கள் மூலமாக நியமிக்கப்பட்ட 'நியோஜித' உபாத்தியாயர்கள் லக்ஷக்கணக்கானோர், பழைய சர்க்கார் உபாத்தியாயர்களுக்குச் சமமான சம்பளம் வேண்டினர். 2017 அக்டோபர் 31-ந் தேதி பாட்னா ஹைகோர்ட்டு அவர்கள் பக்ஷம் தீர்ப்பளித்தது. 2019 மே 10-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு அத்தீர்ப்பைத் தள்ளிவிட்டது. பழைய உபாத்தியாயர்கள் புதிதாய் ஆள் சேர்க்காமல் மறைந்துவரும் தனி வர்க்கம். புதியவர்கள் வேறு விதமாய்த் தெரிந்தெடுக்கப்பட்ட வேறு வர்க்கம். ஆதலின் பாகுபாடு நியாயத்திற்குப் புறம்பன்று என்பது காரணம். பொக்கிஷத்தின் பாரமும் அங்கே எடுத்துரைக்கப்பட்டது. பிறகு 2023-இல் அம்மாகாண சர்க்காரே, திறமைப் பரீட்சையில் தேறுவோர்க்குச் சர்க்கார் சிப்பந்தி அந்தஸ்து அளிக்கும் புதிய விதிகளை இயற்றிற்று. கோர்ட்டில் தோற்ற வழக்கு ஜனங்களின் இடைவிடாத கோரிக்கையால் வேறு வழியாய்ப் பலித்ததற்கு இஃது உதாரணம்.

பீகார் வழக்கிற்கும் நம் நாட்டு வழக்கிற்கும் உள்ள வித்தியாசத்தையும் கவனியுங்கள். அங்கே நியமித்த அதிகாரி வேறு, நியமித்த முறை வேறு என்று சொல்ல இடமிருந்தது. இங்கே இரு சாராரையும் நியமித்தது ஒரே சர்க்கார். இருவருக்கும் பதவிப் பெயரும் ஒன்றே. பிரித்தது தேதி ஒன்றே.

பிற தேசங்களில்

உபாத்தியாயர்களின் இவ்வழக்கு உலகத்தில் புதிதன்று. இரண்டு உதாரணங்களைச் சொல்லுவோம்.

அமெரிக்காவில் வர்ஜீனியா மாகாணத்து நார்போக் பட்டணத்தில், கறுப்பு ஜாதியாருக்குத் தனிப் பாடசாலை, வெள்ளையருக்குத் தனிப் பாடசாலை. உபாத்தியாயர்களுக்குச் சம்பளமும் தனித்தனி. ஹைஸ்கூலில் கற்பித்துவந்த மெல்வின் ஆல்ஸ்டன் என்ற கறுப்பர் வருஷத்திற்கு 921 டாலர் பெற்றார். அதே தகுதியும் அநுபவமுமுள்ள வெள்ளையர் 1,200 டாலர் பெற்றார். அவருக்கு முன் 1939-இல் ஆலைன் பிளாக் என்ற ரசாயன உபாத்தியாயினி வழக்குத் தொடுத்தார். அதன்மேல் அவருடைய வேலை புதுப்பிக்கப்படாமல் போயிற்று. அவர் விட்ட இடத்தில் ஆல்ஸ்டன் தொடங்கினார். தர்குட் மார்ஷல் முதலிய வக்கீல்கள் அவர் பக்ஷம் நின்றனர். குறைந்த சம்பளத்திற்கு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டுவிட்டுப் பிறகு வழக்காடலாமா என்று பாடசாலைச் சபையார் வாதித்தனர். 1940-ஆம் வருஷம் ஜூன் மாதம் அப்பீல் கோர்ட்டு அவ்வாதத்தை ஏற்கவில்லை. நிறத்தைக் கொண்டு சம்பளத்தைப் பிரிப்பது அந்நாட்டு அரசியல் சட்டத்திற்கு விரோதம் என்றே தீர்ந்தது.

இங்கிலாந்தில் 1919-இல் ஏற்பட்ட பர்ன்ஹாம் கமிட்டியின் விகிதங்களில், பெண் உபாத்தியாயர் ஆணின் சம்பளத்தில் ஐந்தில் நான்கு பங்கே பெற்றனர். 1944 மார்ச் மாதத்தில் கல்வி மசோதா பார்லிமெண்டில் நடந்தபோது, தெல்மா காஸலெட்-கெய்ர் என்ற அம்மையார் சமசம்பளத் திருத்தம் ஒன்றைக் கொண்டுவந்தார். 117-க்கு 116 என்ற கணக்கில், ஒரே வோட்டினால், அது நிறைவேறிற்று. பிரதம மந்திரி சர்ச்சில், தம் மந்திரிசபைமேல் நம்பிக்கை உண்டா இல்லையா என்பதாக அதை மாற்றி, இரண்டே நாளில் அத்திருத்தத்தை ரத்துச் செய்வித்தார். அம்மாதர்கள் ஓயவில்லை. 1955-இல் தொடங்கி ஏழு படிகளாக உயர்த்தி, 1961-இல் சமசம்பளம் முழுமையாயிற்று.

ஓரிடத்தில் நிறத்தாலும், ஓரிடத்தில் பாலாலும் பிரித்தார்கள். நம் நாட்டில் நாளால் பிரித்தார்கள். நிறமும் பாலும் பிறப்போடு வந்தவை. நாளோ சர்க்காரின் உத்தரவோடு வந்தது. கொடுமையில் இவை ஒரே நிறையுடையன என்று நாம் சொல்லவில்லை. ஆயினும் மூன்றிலும் வேலைக்குச் சம்பந்தமில்லாத ஒன்று சம்பளத்தைத் தீர்மானித்தது என்பதில் ஐயமில்லை.

ஆட்சேபங்கள்

இனி எதிர்ப் பக்ஷத்தாரின் வாதங்களையும் கேட்போம். அவற்றைக் கேளாமல் தீர்ப்புச் சொல்வது பஞ்சாயத்தாகாது.

'சம்பளம் 8,000 என்று தெரிந்துதானே சேர்ந்தார்கள்?' என்பது முதல் வாதம். இது நார்போக் சபையார் சொன்ன வாதமே. பயிற்சி முடித்து, வேலைவாய்ப்புக் காரியாலயத்தில் பெயர் பதிந்து, பத்துப் பதினைந்து வருஷம் காத்திருந்தவன் கையில் உத்தரவு வரும்போது, அதிலுள்ள எண்ணைப் பார்த்துத் திருப்பி அனுப்புவானா? குறைந்த கூலிக்கு இசைபவன் மனமொப்பி இசைவதில்லை, குடும்பத்தின் வயிற்றுக்காக இசைகின்றான் என்ற கருத்தை ஜகஜீத் சிங் வழக்கில் நீதிபதிகளும் கூறியிருக்கின்றனர்.

'பொக்கிஷம் தாங்குமா?' என்பது இரண்டாவது வாதம். இது உதறித் தள்ளத்தக்கதன்று. 20,000 பேருக்கு மாதம் 8,147 ரூபாய் வீதம், பஞ்சப்படி நீங்கலாகத் தோராயமாய்க் கணக்கிட்டால், வருஷத்திற்கு 195 கோடி ரூபாய்க்குச் சற்று மேலாகின்றது. அதுவும் வரி கொடுக்கும் குடிகளின் பணமே. அவர்களில் இவ்வுபாத்தியாயரைவிட ஏழைகள் அநேகர் உண்டு. ஆனால் கடனாளி தன் கடனை ஒரே தவணையில் தீர்க்கமுடியாவிட்டால் தவணை கேட்கின்றான். கடனே இல்லை என்று சாதிப்பதில்லை. இங்கிலாந்து ஏழு படிகளில் செய்ததை இங்கும் மூன்று நான்கு படிகளில் செய்யலாம். நாள் தள்ளத் தள்ளப் பள்ளமும் பெருகி, நிரப்பும் செலவும் ஏறும் என்பதை முன்னே காட்டினோம்.

'தனியார் பாடசாலைகளில் இதைவிடக் குறைந்த சம்பளத்திற்கு உழைப்போர் இருக்கும்போது இவர்களுக்கு என்ன குறை?' என்பது மூன்றாவது. இதில் உள்ள வேதனை உண்மையானது. ஆனால் தாழ்ந்த கூலியைக் காட்டி நடுக் கூலியைக் குறைப்பது ஏழைக்கு நீதியாகாது, இருவரையும் தாழ்த்துவதாகும். ஒரு கண்ணில் வெண்ணெயும் ஒரு கண்ணில் சுண்ணாம்பும் இடுவது தவறென்றால், இரு கண்ணிலும் சுண்ணாம்பு இடுவது அதற்குப் பரிகாரமன்று.

'உபாத்தியாயர் போராட்டத்தால் குழந்தைகளின் படிப்புக் கெடுகின்றதே' என்பது நான்காவது. பெற்றோர்களாகிய நம்மில் பலர் மனத்திலுள்ளது இதுவே. இவ்வழக்கில் அவர்கள் டிசம்பர் கடைசி விடுமுறைக் காலத்தையும் பரீட்சை விடுமுறையையும் ஒட்டியே பெரும்பாலும் பட்டினி கிடந்தனர் என்பதை நாம் ஒப்புக்கொள்ளவேண்டும். அன்றியும், வகுப்பில் நின்று பெருக்கல் வாய்பாடு கற்பிப்பவரின் மனம் தம் வீட்டுக் கணக்கில் சுற்றிக்கொண்டிருந்தால், அதனாலும் குழந்தைகளுக்கே நஷ்டம்.

நாம் செய்யத்தக்கது

சகோதரர்களே! இவ்விஷயத்தில் சங்கம் செய்யத்தக்கவை யாவை என்பதைச் சுருக்கமாய்ச் சொல்லி முடிப்போம்.

முதலாவது, இக்கோரிக்கையை நம் சமூகத்து உபாத்தியாயர்களின் கோரிக்கையாக எழுப்பலாகாது. அந்த 20,000 பேரில் எல்லா ஜாதியாரும் எல்லா மதத்தாரும் உண்டு. மற்றக் காரியங்களில் நம் சமூகத்தாரின் பங்கை நாம் கேட்பது வழக்கம், கேட்பதும் முறை. இதிலோ நம்மவருக்கு மட்டும் நீதி என்று ஒன்று கிடையாது. கிடைத்தால் எல்லாருக்கும் கிடைக்கும். இல்லாவிட்டால் ஒருவருக்கும் இல்லை. மற்றச் சமூகச் சங்கங்களோடு சேர்ந்து ஒரே மனுவாக அனுப்புவதே பெருமையும் பயனும் தரும்.

இரண்டாவது, 2009-க்கு முன் சேர்ந்து அதிகச் சம்பளம் வாங்கும் உபாத்தியாயர்கள் நம்மிடையே இருக்கின்றனர். அவர்களுக்கு ஒரு வார்த்தை. இளையவர்க்கு நியாயம் கிடைத்தால் உங்கள் இலையிலிருந்து ஒரு கவளமும் குறையாது. ஒரே வராந்தாவில் பக்கத்து வகுப்பில் நிற்பவர் மனங்குமுற நீங்கள் மௌனமாயிருப்பின், அடுத்த சம்பளக் கமிஷன் வரும்போது உங்களுக்காகப் பேச யார் இருப்பார்கள்? நார்போக்கில் ஆலைன் பிளாக் அம்மையார் வேலையிழந்த பின்னும் வழக்கு நின்றுவிடாமைக்குக் காரணம், உடன் உழைத்த உபாத்தியாயர்களின் சங்கம் பின்னே நின்றதே.

மூன்றாவது, சமூகச் சங்கங்களும் தர்ம ஸ்தாபனங்களும் நாட்டில் அநேக பாடசாலைகளை நடத்துகின்றன. சர்க்காரை நோக்கி நீட்டும் அளவுகோலை அவை தம் பக்கமும் நீட்டிப் பார்க்கவேண்டும். ஒரே படிப்புள்ள இருவரை ஒரே வகுப்பு வேலைக்கு வைத்து, நிர்வாகிக்கு உறவு என்பதால் ஒருவருக்கு ஒரு தொகையும், கணவனில்லாதவள் வேறெங்கும் போகமாட்டாள் என்பதால் மற்றொருத்திக்குப் பாதித் தொகையும் கொடுக்கும் பாடசாலை எதுவாயினும், அதன் வாசலில் சரஸ்வதி படம் மாட்டுவதால் பயனில்லை. கையெழுத்து வாங்கும் தொகை ஒன்று, கையில் கொடுக்கும் தொகை வேறொன்று என்ற வழக்கம் எங்கிருந்தாலும் அதை ஒழிப்பது சங்கங்களின் முதற்கடமை. வீட்டில் செய்யாததை ஊரில் கேட்பவன் பேச்சு அம்பலம் ஏறாது.

நான்காவது, உத்தியோகத்திற்குப் போகும் நம் பிள்ளைகள் நியமன உத்தரவையும் சம்பள விதிகளையும் படித்து அறியவேண்டும். 3,170 ரூபாய்ப் பள்ளத்தை அன்றே விளங்கிக்கொண்டு எடுத்துரைத்தவர் சிலரே. பலருக்கு வருஷங்கள் சென்ற பின்பே அதன் ஆழம் தெரிந்தது. கணக்குத் தெரிந்த அங்கத்தினர் ஒருவர் மாதம் ஒருமுறை சங்கக் கட்டடத்தில் உட்கார்ந்து, கேட்போர் எச்சமூகத்தாராயினும் அவர்களுக்கு இவ்விதிகளை விளக்கிச் சொல்ல ஏற்பாடு செய்யலாம். இதற்குப் பெருஞ்செலவு இல்லை. ஒரு மேஜையும் இரண்டு நாற்காலியும் போதும்.

ஒரு குழந்தை முதன்முதலில் நியாயம், அநியாயம் என்ற சொற்களின் பொருளை அறிவது பாடசாலையில். மிட்டாய் பங்கிடும்போது ஒருவனுக்கு இரண்டும் மற்றவனுக்கு ஒன்றும் கொடுத்தால், 'டீச்சர், எனக்கு மட்டும் ஏன் குறைச்சல்?' என்று அது உடனே கேட்கின்றது. டீச்சரும் பதில் சொல்லியாகவேண்டும். அதே கேள்வியை அந்த டீச்சரே கேட்டுப் பதினான்கு வருஷம் வாசலில் நின்றார் என்பது எந்த ராஜ்யத்திற்கும் பெருமை தராது. இதற்குப் பதில் சொல்வது சர்க்காரின் கடமை. பதில் வரும்வரை உடன் நின்று கேட்பது குடிகளின் கடமை. மேலே சொன்ன நான்கு காரியங்களையும் அடுத்த நிர்வாகக் கமிட்டிக் கூட்டத்தில் தீர்மானமாய்க் கொண்டுவரும்படி அக்கிராசனாதிபதி அவர்களை வேண்டிக்கொள்ளுகிறோம்.